புழு ஏறிப்போன பள்ளம்

ஹேட்டியின் முகத்தில் ஒரு பிடி புல்விதையைத் தூவினால் அடுத்த மழைக்கு முளைத்துவிடும் என்று ஏரிக்கரையில் பேசிக்கொண்டார்கள். லெம் பெரியப்பா அதற்கும் ஒரு படி மேலே போய், அவளுடைய இடது கன்னத்தில் எறும்புக் கூட்டம் ஒன்று முட்டை தூக்கிக்கொண்டு போனதைத் தன் கண்ணாலேயே பார்த்ததாகச் சத்தியம் செய்தார். லெம் பெரியப்பாவின் சத்தியம் அந்த ஏரித் தண்ணீர் மாதிரி. பார்க்க நிறைய இருக்கும். அந்த உப்பில் ஒரு வாய் குடிக்க முடியாது.

ஆனால் முகம் அழுக்காக இருந்தது உண்மை. இரண்டு குளிர்காலத்து அடுப்புப் புகையும் நடுவில் ஒரு கோடையின் புழுதியும் அதில் படிந்து கிடந்தன. கண்ணிலிருந்து தாடை வரைக்கும் இரண்டு கோடுகள் மட்டும் வெளுத்திருந்தன. அவள் கணவன் ஜாஸ்பரின் முகமும் அப்படித்தான். என்ன, அவனுக்கு அந்தக் கோடுகள் தாடிக்குள் போய் மறைந்துவிட்டன.

பெருங்காய்ச்சல் உலகத்தையே வாரிக்கொண்டு போன இலையுதிர் காலத்தில் அவர்களுடைய ஒரே மகன் போய்ச் சேர்ந்தான். குதிரை மந்தையை ஓட்டிக்கொண்டு தெற்கே போனவன். திரும்பி வந்தது மந்தைக்காரர் ஒருவரின் வாய்ச்சொல் மட்டும்தான்: அந்த ஊரில் காய்ச்சலில் போனவர்களையெல்லாம் ஒரே குழியில் போட்டு மூடிவிட்டார்களாம். அவன் பெயரை இங்கே எழுத முடியாது. போனவர்கள் பெயரை அந்த மண்ணின் பழங்குடிகள் யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை.

பெற்றவர், கூடப்பிறந்தவர், கட்டியவர் என்று துக்கக்காரர்கள் யாரும் முகம் கழுவக் கூடாது, கறி தொடக் கூடாது. அடுத்த இலையுதிர் காலத்தில், பைன் கொட்டை பொறுக்கி முடிந்ததும், அழுகைக் கூட்டம் வைப்பார்கள். சாப்பாடு போட்டு, இரவெல்லாம் பாடி, போனவனுடைய சாமான்களைத் தீயில் இட்டு, விடியும்போது துக்கம் இல்லாத வீட்டுப் பெண் ஒருத்தி தண்ணீர் மொண்டு துக்கக்காரர் முகத்தைக் கழுவிவிடுவாள். அதோடு சரி. அதற்கு மேல் அழக் கூடாது. அழுதால் போனவர்கள் போகும் வழியில் நின்று திரும்பிப் பார்ப்பார்கள்.

அந்தக் கடைசிப் பகுதிதான் ஹேட்டிக்கு ஒத்துவரவில்லை.

முதல் வருஷம் அவளுக்கு ஒரு சாக்கு கிடைத்தது. அந்தக் கோடை புழுக் கோடை அல்ல, பூச்சிக் கோடை. மலையடிவாரத்துப் பெரிய பைன் மரங்களில் வாழும் பியாகிப் புழுவுக்கு இரண்டு வருஷக் கணக்கு. ஒரு கோடையில் மரம் மரமாகப் பூச்சி பறக்கும், ஊசியிலைகளில் முட்டையிடும், செத்துப்போகும். இலையுதிர் காலத்தில் முட்டை பொரிந்து கடுகு மாதிரிக் கறுப்புக் குஞ்சுகள் வெளிவரும். அவை பனிக்காலம் முழுக்க இலைக்கொத்தில் ஒன்றையொன்று கட்டிப் பிடித்துக்கொண்டு கிடக்கும். அடுத்த கோடையில் விரல் தடிமன் புழுவாகி, தண்டு வழியாக இறங்கி, மணலுக்குள் புகுந்து கூடாகிவிடும். பிறகு ஒரு வருஷம் பூமிக்குள் தூக்கம். மறு கோடையில் மறுபடி பூச்சி. ஆக, ஒரு கோடை விட்டு ஒரு கோடைதான் தின்னப் புழு.

"அவனுக்குப் பியாகின்னா உசிரு. பியாகி இல்லாம என் புள்ளைக்குக் கூட்டம் வைக்க மாட்டேன். அதுவும் எங்க மரத்துப் புழு, எங்க பள்ளத்துப் புழு. அடுத்த கோடை வரட்டும்" என்று ஹேட்டி எல்லோர் முன்னாலும் சொன்னாள்.

பெற்றவள் ஆசை. யார் மறுப்பார்கள்? ஜாஸ்பரும் தலையாட்டினான். பெற்றவர்கள் கூப்பிட்டால்தான் கூட்டம். அதுவும் இரண்டு பேரும் சேர்ந்து உட்கார்ந்தால்தான் முகம் கழுவுவார்கள். அவள் முகம் கழுவாத வரை அவனுக்கும் தண்ணீர் கிடையாது.

அடுத்த கோடை வந்தது. யார் சாக்குச் சொன்னாலும் கோடை வரத்தானே செய்யும்.

பைன் காட்டுக்குள் போய் நின்றால் மழை பெய்கிற சத்தம். அண்ணாந்து பார்த்தால் வானம் துடைத்து வைத்தது மாதிரி இருக்கும். உச்சிக் கிளைகளில் புழுக்கள் இலையைத் தின்று தின்று கழிப்பதுதான் அந்த மழை. வெறுந்தலையோடு காட்டுக்குள் போன தான் தொப்பியோடு திரும்பி வந்ததாக லெம் பெரியப்பா சொல்வார். தொப்பி எதனால் ஆனது என்பதையும் விவரமாகச் சொல்வார், அதுவும் மற்றவர்கள் சாப்பிடும்போது.

குடும்பங்களெல்லாம் காட்டுக்குக் குடிபோய்விட்டன. அவரவர் மரத்தடியில் உதிர்ந்து கிடந்த ஊசியிலைகளைக் கூட்டி அள்ளி, மரத்தைச் சுற்றி வட்டமாகப் பள்ளம் தோண்டினார்கள். பள்ளத்தின் உள்பக்கம் எப்படி இருந்தாலும் பரவாயில்லை, வெளிச்சுவர்தான் உயிர். அது செங்குத்தாக நிற்க வேண்டும். தண்டிலிருந்து இறங்கும் புழு பள்ளத்தில் விழும், வெளிச்சுவரில் ஏறப் பார்க்கும், எரிமலை துப்பிய அந்த உதிரி மணல் கால் கொடுக்காமல் சரியும், புழு மறுபடி அடியில் உருளும். பெண்கள் போய்க் கூடையில் அள்ளிக்கொள்வார்கள். சுவர் கொஞ்சம் சாய்ந்திருந்தாலும் போதும், புழு ஏறி வெளியே வந்து, நாலு தப்படி நடந்து, மணலுக்குள் இறங்கிவிடும்.

வெளிச்சுவர் வெட்டுவதில் ஹேட்டியை மிஞ்ச ஆள் கிடையாது. அவள் சுவரில் ஈகூடச் சறுக்கும் என்பார்கள். அந்த வருஷமும் அவளும் ஜாஸ்பருமாகத் தங்கள் மரங்களுக்குப் பள்ளம் வெட்டினார்கள். காய்ச்சல் ஜாஸ்பரைக் கொல்லாமல் விட்டதே தவிர, நெஞ்சில் ஒரு இருமலை வைத்துவிட்டுப் போயிருந்தது. நாலு கை மணல் அள்ளிவிட்டு மரத்தில் சாய்ந்துகொள்வான்.

ஒருநாள் காலையில் அவன் கூப்பிட்டான்.

"ஹேட்டி! ஏய், இங்க வா! இறங்குதுடி!"

அவள் ஓடிவந்தாள். செம்பட்டைத் தண்டில் ஒன்றன்பின் ஒன்றாகப் பச்சையும் பழுப்புமாய்ப் புழுக்கள் இறங்கிக்கொண்டிருந்தன. ஜாஸ்பர் அவற்றைப் பார்க்கவில்லை, அவளைத்தான் பார்த்தான். அவன் சிரித்த சிரிப்பில் கன்னத்து அழுக்கு வெடித்து, உள்ளேயிருந்து ஒரு விரல்கடை பழைய தோல் எட்டிப் பார்த்தது.

"இந்த வருஷம் கழுவிரலாம்" என்றான்.

ஹேட்டியின் கை தன் கன்னத்து அழுக்கைப் பொத்திக்கொண்டது.

உச்சிவெயிலில் எல்லோரும் நிழல் தேடிப் படுத்துவிடுவார்கள். அன்று அந்த நேரத்தில் அவள் தனியாகத் தன் மரத்தடிக்குப் போனாள். பள்ளம் நெளிந்துகொண்டிருந்தது. ஏறுவதும் விழுவதுமாக இருந்த ஒரு புழுவை அவள் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு மண்டியிட்டு, வெளிச்சுவரில் இரண்டு கையையும் வைத்து, தன் பக்கமாக இழுத்தாள். மணல் சரிந்து சாய்வானது. புழுக்களுக்கு யாரும் வழி சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஆட்டுமந்தை மாதிரி வரிசையாக ஏறி, அவள் முழங்காலைச் சுற்றிக்கொண்டு போய், தலையை மணலில் செருகின. கொஞ்ச நேரத்தில் அங்கே புழு இருந்ததற்கு அடையாளமே இல்லை. அடுத்த மரத்துக்குப் போனாள்.

சாயங்காலம் கோரா வந்தாள். ஜாஸ்பரின் தங்கை. ஒரு சொல்லுக்கு ஒன்பது சொல் கடன் வைக்காமல் திருப்பித் தருகிறவள். தோளில் இரண்டு கூடை நிறையப் புழு. ஹேட்டியின் கூடையில் அடி தெரிந்தது.

"என்ன அண்ணி இது? உங்க மரத்துப் புழுவுக்கு மட்டும் இப்பவே றெக்கை முளைச்சிருச்சா? அதுக்கு இன்னும் ஒரு வருஷம் இருக்கே!"

"மான் மிதிச்சிருக்கு. சுவரு சரிஞ்சு போச்சு."

"எல்லா மரத்துலயுமா? நல்ல மானா இருக்கே. வேலை மிச்சம் வைக்காம மிதிச்சிருக்கு."

ஜாஸ்பர் பள்ளத்தருகே குனிந்து நின்றான். சரிந்த மணலில் பத்து விரல் தடமும் தெளிவாக இருந்தது. எந்த மானுக்கும் பத்து விரல் கிடையாது. அவன் தன் காலால் மணலைத் தேய்த்துவிட்டு நிமிர்ந்தான்.

"ஆமா, மான்தான்" என்றான் தங்கையிடம்.

கோரா நெருப்பு மூட்டி, சூடான மணலில் புழுக்களைக் கொட்டிப் புரட்டி, சல்லடைக் கூடையில் சலித்தெடுத்துக் கழுவி, உப்புப் போட்டு வேகவைத்தாள். காடே மணந்தது. ஜாஸ்பர் எதிர்க்காற்றில் போய் உட்கார்ந்தான். காற்றும் இடம் மாறி உட்கார்ந்தது.

அவன் படும் பாட்டைப் பார்க்கப் பொறுக்காமல் கோரா பஞ்சாயத்தைக் கூட்டினாள். "பெரியப்பா, நீங்களே சொல்லுங்க. பியாகி கறியா, இல்லையா? அண்ணன் கறிதானே திங்கக் கூடாது?"

லெம் பெரியப்பா ஒரு புழுவை எடுத்து வாயில் போட்டு, தீர்ப்புக்காக மென்றார். "ரத்தம் வருமா?"

"பச்சையா என்னமோ வரும்."

"பச்சைன்னா கீரை."

"கொழுப்பு மிதக்குதே பெரியப்பா?" என்றான் ஜாஸ்பர். நேர்மை அவனை விடவில்லை.

"கொழுத்த கீரை." இன்னொரு புழுவைப் போட்டுக்கொண்டார். "நடக்குற கீரை. உனக்கென்ன, குடுக்குறத வாங்கித் தின்னுடா!"

எல்லோரும் சிரித்தார்கள். ஜாஸ்பர் கை நீட்டினான்.

"கொழுப்பு மிதந்தா கறிதான். நாங்க தொட மாட்டோம்" என்றாள் ஹேட்டி.

நீட்டிய கையை அவன் அப்படியே கொண்டுபோய்த் தீயில் காட்டினான், குளிர் காய்கிற மாதிரி. கோடைக்காலம்.

மறுநாள் காலை ஹேட்டி விழித்தபோது ஜாஸ்பர் பக்கத்தில் இல்லை. மரத்தடியில் இருமல் கேட்டது. சரிந்த சுவர்களை ஒவ்வொன்றாக நிமிர்த்தி வெட்டிக்கொண்டிருந்தான். அவள் உச்சிவெயிலில் போய் எல்லாவற்றையும் இடித்தாள். அடுத்த நாள் காலையில் அவன் மறுபடி வெட்டினான். அவள் மறுபடி இடித்தாள். ஒரே பானையில் சமைத்துச் சாப்பிட்டார்கள், ஒரே போர்வையில் படுத்தார்கள், ஒருவரை ஒருவர் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அந்த வீட்டில் அதுவரை நடந்ததிலேயே பெரிய சண்டை அதுதான். சத்தமென்றால் அவன் இருமல் மட்டும்தான்.

அவன் மகனை மறந்துவிட்டான் என்று அவள் நினைத்தாள். வயிற்றுப் பசி ஆண்பிள்ளைக்குப் பிள்ளைப் பாசத்தைவிடப் பெரிதாகிவிட்டது என்று நினைத்தாள். இல்லாவிட்டால் இப்படி மூச்சு வாங்க வாங்க மண்ணை வெட்டுவானா?

புழு இறங்குவது குறையத் தொடங்கிய சமயம், ஒருநாள் உச்சிவெயிலில் அவள் போனபோது அவன் மரத்தடியிலேயே உட்கார்ந்திருந்தான்.

"வா. கையால உடைக்காத. விரல் தடம் விழுது. கோரா கண்ணுல பட்டா உன்ன உண்டு இல்லன்னு ஆக்கிருவா." பக்கத்திலிருந்த ஒரு கொம்பை நீட்டினான். "இதால உடை."

ஹேட்டி கொம்பை வாங்காமல் நின்றாள். "தெரிஞ்சிருந்தும் ஏன் கேக்கல?"

"கேட்டா நீ சொல்லிருவ. நீ சொல்லிட்டா அப்புறம் நான் எப்படி மறுபடி சுவரு வெட்டுறது?"

அவள் அவனுக்கு எதிரே உட்கார்ந்தாள். பள்ளத்தில் கொஞ்சம் புழுக்களே இருந்தன.

"அவன நான் பார்க்கலங்க. யாரோ வந்து குழியில போட்டோம்னு சொன்னான், நாமளும் சரின்னோம். இந்த மூஞ்சியக் கழுவிட்டா அப்புறம் அழக் கூடாதும்பாங்க. அவனப் பத்திப் பேசக் கூடாதும்பாங்க. அப்புறம் காலையில எந்திரிச்சு நான் என்ன செய்ய?"

"அடுப்ப மூட்டு. பசிக்குது எனக்கு."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. அந்தச் சிரிப்புக்காகக் காத்திருந்தவன் மாதிரி அவன் குரலைத் தாழ்த்தினான்.

"நான் ரொம்ப நாளைக்கு இல்லடி. எனக்கே தெரியுது. இந்த மூஞ்சியோட நான் அங்க போய் நின்னா அவன் என்ன அடையாளம் கண்டுக்குவானா? எவனோ கரிச்சட்டிக்காரன்னு தாண்டிப் போயிருவான். கழுவிட்டுப் போறேனே."

"வாய மூடுங்க. இருமிச் செத்தவன் யாரு இங்க? அடுத்த புழுவுக்கு வச்சிரலாம். கண்டிப்பா."

"அதுக்கு ரெண்டு வருஷம் ஆகும்."

"ரெண்டு வருஷமெல்லாம் ஒரு கணக்கா? கண்ண மூடித் திறந்தா ஓடிரும்."

அவன் மரத்தைப் பிடித்து எழுந்து முகாம் பக்கம் நடந்தான். அவன் இருமல் தேயும் வரை ஹேட்டி உட்கார்ந்திருந்தாள். பிறகு கொம்பை எடுத்து, சுவரை உடைத்தாள்.

மறுநாள் அவன் வெட்டப் போகவில்லை. மரத்திலும் புழு இல்லை.

புழுக் காலம் முடிந்து, வெள்ளைக்காரன் ஃபென்டனின் மாட்டுப் பண்ணைக்கு வைக்கோல் அறுக்கக் கூலிக்குப் போன ஜாஸ்பரை இரண்டு பேர் தூக்கிவந்து போட்டார்கள். வயலிலேயே விழுந்துவிட்டானாம். துப்பியதில் சிவப்பு இருந்தது. அதைப் பார்த்த பிறகுதான் ஹேட்டி தன் இரண்டு வருஷத்தை எண்ணிப் பார்த்தாள். அன்றைக்கே கோராவின் குடிசைக்குப் போய் வாசலில் நின்றாள்.

"உன் பியாகில ஒரு கூடை குடு. கூட்டம் வைக்கிறேன்."

கோரா கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். "எங்க மரத்துப் புழு உங்க வாய்க்கு ஆகாதுன்னு கேள்விப்பட்டேன்? எங்க மரம், எங்க பள்ளம்னு ஊரைக் கூட்டிச் சொன்னது யாரு அண்ணி?"

"நான்தான். அந்த வாயாலேயேதான் இப்பக் கேக்குறேன்."

கோரா உள்ளே போய், உலர்த்தி வைத்திருந்ததில் பெரிய கூடையாகப் பார்த்து எடுத்துவந்து அவள் கையில் வைத்தாள். "கூடையத் திருப்பிக் குடுத்துரு. போன தடவ குடுத்தது இன்னும் வரல" என்றாள். அவளால் அதற்கு மேல் அன்பாகப் பேச முடியாது.

பைன் கொட்டை பொறுக்கும் மலையில் எல்லோரும் கூடுவார்கள், அறுவடை முடியும் அன்று கூட்டம் என்று பேச்சாகிவிட்டது. ஜாஸ்பருக்கு முகமெல்லாம் வெளிச்சம். வண்டியில் வைக்கோல் போட்டு அவனைப் படுக்கவைத்து மலைக்குக் கொண்டுபோனார்கள். போகிற வழியெல்லாம் முதலில் எதைத் தின்பது என்று கணக்குப் போட்டுக்கொண்டே வந்தான். மான்கறியா, முயலா, பியாகியா?

"முயல்ல சிறு எலும்பு குத்துங்க, பியாகிதான் நோகாம இறங்கும்" என்றாள் ஹேட்டி.

"முதல்ல பியாகி. அப்புறம் மான். முயல நின்னு நிதானமா, மறுநா பார்த்துக்கலாம்."

கொட்டை மூட்டைகள் பாதி நிறைந்திருந்தன. முதல் உறைபனி விழுந்த காலை, ஹேட்டி தீ மூட்டிவிட்டு அவனை எழுப்பப் போனாள். போர்வைக்கு வெளியே கிடந்த கையில் பனி படிந்திருந்தது. படிந்த பனி உருகாமலே இருந்தது.

அவள் போட்ட சத்தத்தில் கோரா ஓடிவந்து அண்ணன் காலைக் கட்டிக்கொண்டு கிடந்தாள். அவள் நிமிர்ந்தபோது ஹேட்டி பானையில் தண்ணீர் வைத்திருந்தாள். மாவுச் சாக்குத் துணியைக் கிழித்து நனைத்துக்கொண்டிருந்தாள்.

"என்ன பண்ற? நீ தொடக் கூடாது அண்ணி. துக்கக் கை."

"வேற கை எங்க இருக்கு? உன்னுதும் இப்போ துக்கக் கைதான்."

கோரா தன் கையைப் பார்த்துக்கொண்டாள். தடுக்கவில்லை.

ஹேட்டி நெற்றியிலிருந்து தொடங்கினாள். முதல் துணி கறுத்தது. இரண்டாவதும் கறுத்தது. கன்னத்தில் மெதுவாகத்தான் போக வேண்டியிருந்தது. இரண்டு வருஷம் அவ்வளவு எளிதில் விட்டுக்கொடுக்கவில்லை. துடைக்கத் துடைக்க உள்ளேயிருந்து ஒட்டிய கன்னமும், கூரான மூக்கும், அழுக்கு இத்தனை நாள் காப்பாற்றி வைத்திருந்த வழவழப்பான தோலும் வெளிவந்தன. ஹேட்டியின் கை நின்றுவிட்டது. நோயில் வற்றி, வயது கழன்று, அது அவள் மகனுடைய முகமாக இருந்தது. குழியில் போட்டு மூடினார்களே, அவள் பார்க்காத அந்த முகம்.

அவள் அதைக் கண் நிறையப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே சொன்னாள்: "கோரா, சுவர இடிச்சது மான் இல்ல. நான்."

கோரா புரியாமல் விழித்தாள். பிறகு புரிந்தது. "அண்ணனுக்குத் தெரியுமா?"

"தெரியும். மூஞ்சியக் கழுவிட்டுப் போறேன்னு கேட்டாரு. நான் ரெண்டு வருஷம் பொறுக்கச் சொன்னேன்."

கோரா எழுந்து போய்விட்டாள். அந்தக் குளிர்காலம் முழுக்க அண்ணியோடு ஒரு வார்த்தை பேசவில்லை. கோரா பேசாமலிருந்த அதிசயத்தைப் பார்க்க ஏரிக்கு அந்தப் பக்கத்திலிருந்தெல்லாம் ஆள் வந்ததாக லெம் பெரியப்பா சொல்லிப் பார்த்தார். யாரும் சிரிக்கவில்லை.

கூட்டம் நின்றுபோனது. புதுச் சாவு விழுந்தால் துக்கம் மறுபடி முதலிலிருந்து தொடங்கும். இன்னும் ஒரு வருஷம் முகம் கழுவ வேண்டாம், இன்னும் ஒரு வருஷம் அழலாம். ஹேட்டி என்ன கேட்டாளோ அது அவளுக்கு முழுசாகக் கிடைத்தது. போனவர் வாழ்ந்த குடிசையை வழக்கப்படி எரித்தார்கள். பலகை அடித்துப் புதிதாக ஒன்று கட்டிக் கொடுத்தார்கள். அதற்குள் அவள் உட்கார்ந்திருந்தாள். விசித்திரம் என்னவென்றால், அந்தக் குளிர்காலம் அவளுக்கு அழுகையே வரவில்லை. கன்னத்தில் இருந்த இரண்டு வெள்ளைக் கோடுகளும் புகையடைந்து மற்ற இடத்தோடு சேர்ந்துகொண்டன.

கோடையில் பூச்சிகள் கிளம்பின. காலையில் மணலைப் பிளந்துகொண்டு ஈரமாக வெளிவந்து, தண்டில் ஏறித் தொங்கி, கசங்கிய இறகை வெயிலில் விரித்துக் காயவைத்தன. சாம்பல் நிறம், பின்னிறகில் ரோஜா நிறத்துச் சாயை, இறகுக்கு ஒரு கறுப்புப் பொட்டு. அவற்றுக்குத் தின்ன வாயே கிடையாது. புழுவாக இருக்கும்போது தின்றதை வைத்துக்கொண்டுதான் பறக்க வேண்டும், சேர வேண்டும், முட்டையிட வேண்டும், சாக வேண்டும். வெளிவந்தால் சில நாள் வாழ்வுதான்.

ஹேட்டியின் மரங்களைப் பார்க்கவே பயமாக இருந்தது. பட்டையில் கை வைக்க இடமில்லை. மரமே மூச்சுவிடுகிற மாதிரி இறகுகள் அசைந்தன. அவள் அடியில் உட்கார்ந்திருந்தபோது பின்னால் காலடி கேட்டது.

"எங்க மரத்துலயும் பூச்சி இருக்கு, அங்கொண்ணு இங்கொண்ணு. இங்க மரத்தையே காணோம்" என்றது கோராவின் குரல். அழுக்கு முகம் அவளுக்கும் இப்போது வந்திருந்தது. "எல்லாம் நீ ஏத்திவிட்டதுதானே?"

"ஆமா."

"பெரிய பண்ணைக்காரி! மாடு வளத்திருந்தா ஃபென்டன் உங்கிட்ட வேலைக்கு வந்திருப்பான்."

சொல்லிவிட்டு கோராவுக்குச் சிரிப்பு வந்தது. வந்த சிரிப்பு பாதியில் வேறாகிப்போனது. அவள் அங்கேயே உட்கார்ந்து முழங்காலில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். ஹேட்டி அவள் முதுகில் கை வைக்கலாமா என்று யோசித்து, வைக்கவில்லை. ஒரு பூச்சி வந்து உட்கார்ந்தது. அதைத் தட்டிவிடுகிற சாக்கில் வைத்தாள்.

"அண்ணன் உன்னத் திட்டவே இல்லையா?" என்று முழங்காலுக்குள்ளிருந்து கேட்டாள் கோரா.

"கொம்பு எடுத்துக் குடுத்தாரு."

கோரா நிமிர்ந்து மூக்கைத் துடைத்தாள். "எனக்கு அந்த மனசு கிடையாது. சொல்லிட்டேன். இந்த வருஷம் நீ கூட்டம் வைக்கல, உன்னத் தரதரன்னு இழுத்துட்டுப் போய் ஏரில முக்கிருவேன்."

"வைக்கிறேன்."

"புழு வேணும், பள்ளம் வேணும்னு ஏதாவது ஆரம்பிச்ச..."

"எதுவும் வேணாம். எது கிடைக்குதோ அதப் போடலாம்."

அந்த இலையுதிர் காலத்தில், பைன் கொட்டை முடிந்ததும், கூட்டம் நடந்தது. ஃபென்டன் பண்ணையில் கால் ஒடிந்த மாடு ஒன்றைக் கொடுத்தார்கள். பாட்டுக்காரர்கள் தெற்கேயிருந்து வந்தார்கள். மகனுடைய சேணம், கணவனுடைய கோட்டு, அவன் மணல் வெட்டிய மண்வெட்டி எல்லாம் தீயில் போயின. விடியற்காலையில் ஹேட்டியும் கோராவும் ஒரு பாயில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். ஏரிக்கு வடக்கேயிருந்து வந்த ஒரு பெண், மலைப் புதரின் இலை போட்டு வெதுவெதுப்பாக்கிய தண்ணீரை மொண்டு முதலில் கோராவின் முகத்தைக் கழுவினாள். பிறகு ஹேட்டியிடம் வந்தாள். தண்ணீரைப் பல முறை மாற்ற வேண்டியிருந்தது. ஹேட்டி கண்ணை மூடிக்கொண்டு முகத்தைக் கொடுத்தாள்.

"முடிஞ்சதும்மா. இனி அழுவாத" என்றாள் அந்தப் பெண்.

கண்ணைத் திறந்தபோது கோரா அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அண்ணி, கிழவி ஆயிட்ட நீ."

"அப்படியா? நான் பார்க்கலியே."

காற்று பட்டு முகம் எரிந்தது. தோலை உரித்த பழம் மாதிரி இருந்தது. முகம் கழுவியவர்களுக்குக் கறி கொண்டுவந்து வைத்தார்கள். பியாகி இல்லை; கோராவின் கூடையிலிருந்ததை, துக்கக்காரர்கள் யாரும் தொட முடியாததால், குளிர்காலத்திலேயே பக்கத்து வீடுகளுக்குக் கொடுத்துவிட்டார்கள். வெந்த மாட்டிறைச்சி ஆவி பறந்தது. ஹேட்டி ஒரு துண்டை எடுத்து வாயில் வைத்தாள். மூன்று வருஷமாகக் கறி காணாத வாய். மென்றாள். மென்றுகொண்டே இருந்தாள். துண்டு சக்கையாகி, நூலாகி, சுவையெல்லாம் போன பிறகும் மென்றாள். எதிரே உட்கார்ந்திருந்தவர்கள் பேச்சை நிறுத்திவிட்டார்கள். லெம் பெரியப்பா தொண்டையைக் கனைத்து, ஒரு கதை சொல்ல வாயெடுத்து, சொல்லாமல் விட்டார்.

கோரா மெல்ல அவள் பக்கம் சாய்ந்தாள்.

"முழுங்கு அண்ணி" என்றாள் காதோரம். "எல்லாரும் பார்க்குறாங்க. முழுங்கிரு."

ஹேட்டி விழுங்கினாள்.